பட்டியலில் இல்லாத இருவர்

முன்ஜாமீன் கிடைத்துவிட்டது என்று வக்கீல் போன் செய்தபோது நீலமேகம் ஒரு வாளிக்குள் பார்த்துக்கொண்டிருந்தான். வாளியில் ஒரு நண்டு இருந்தது. விளிம்பு வரைக்கும் ஏறும், வழுக்கி விழும், மறுபடி ஏறும். எளாவூர் செக்போஸ்டைத் தாண்டி ஆந்திரா பக்கத்தில் இருந்த மாமனார் வீட்டில் அவன் பத்தொன்பது நாளாகத் தலைமறைவாக இருந்தான். அந்தப் பத்தொன்பது நாளும் யாராவது ஒரு வாளியைக் கொண்டுவந்து அவன் முன்னால் வைத்துவிட்டுப் போனார்கள்; அவனும் பார்த்துக்கொண்டிருந்தான்.

"கெடைச்சிருச்சுப்பா. ஹைகோர்ட்ல இன்னிக்கு ஆர்டர் போட்டுட்டாங்க" என்றார் ஆல்வின் வக்கீல்.

"சரிங்க சார்."

"இன்னாப்பா சரிங்க சார்? சந்தோசமா ஒரு வார்த்த சொல்லக் கூடாதா?"

"சந்தோசம் சார்."

போனை வைத்ததும் மாமனார் கேட்டார். "இன்னா அல்லுடு? வக்கீலு இன்னா சொன்னாரு?"

"கெடச்சிருச்சாம்."

மாமனார் மேலே பார்த்துக் கும்பிட்டார். நீலமேகமும் கும்பிட்டான். கெளுத்தி மீன் முள் ஏறிய கை முதலில் உயிர் போகிற மாதிரி வலிக்கும். அப்புறம் தோள் வரைக்கும் மரத்துப்போய், அது யாரோ ஒருவருடைய கை போலப் பக்கத்தில் கிடக்கும். அவனுக்கு உடம்பு முழுக்க அப்படித்தான் இருந்தது.

நடந்தது இதுதான். புயலில் வலை போனவர்களுக்கு அரசாங்கம் நிவாரணம் அறிவித்தது. லைட்ஹவுஸ் குப்பத்துக்கும் பக்கத்து இரண்டு குப்பங்களுக்கும் சேர்த்து ஒரே சங்கம். நீலமேகம் அதன் செயலாளர். வீட்டுக்கு ஒரு பெயர் என்று நூற்று அறுபத்து நாலு மனுக்கள். மாலை நாலு மணிக்குள் கொடுக்க வேண்டும் என்று அன்று காலையில்தான் சொன்னார்கள். பாதிப் பேர் கடலில் இருந்தார்கள். நீலமேகம் தன் பேனாவை எடுத்து, இல்லாதவர்களுக்காகக் கையெழுத்துப் போட்டான்.

அது தப்பு என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. குப்பத்துக்குப் பின்னால், கடலோடு சேர்ந்த ஏரியில் அப்படித்தான். இறால் ஓடும் இடங்களில் யார் எந்த நாள் வலை கட்டலாம் என்பதைச் சீட்டுக் குலுக்கி முடிவு செய்வார்கள். அந்த முறைக்குப் பாடு என்று பெயர். தம்பி ஊரில் இல்லாவிட்டால் அண்ணன் அவனுக்காகச் சீட்டு எடுப்பான், அவனுக்காகக் கைநாட்டு வைப்பான். ஒருவன் செத்தே போனாலும் பாட்டில் அவன் பெயர் சாகாது. பிள்ளை தலையெடுக்கும் வரை அந்தப் பெயரிலேயே முறை வரும். வேறொருவர் வலை கட்டி, கிடைத்ததை அந்த வீட்டில் கொண்டுபோய்க் கொடுப்பார். நிவாரண மனுவிலும் நீலமேகம் பாடு எழுதும் புத்தகத்தைப் பார்த்துத்தான் எழுதினான். அதில் செத்தவர்கள் மூன்று பேர் இருந்தார்கள். அவர்களுக்கும் கையெழுத்துப் போட்டான். வந்த பணத்தை மூன்று விதவைகளின் கையிலும் கொண்டுபோய்க் கொடுத்தான். ஒரு பைசா அவன் எடுக்கவில்லை.

ஆறு மாதம் கழித்துத் தணிக்கைக்கு வந்த ஓர் அதிகாரி, ஒரே மையில் ஒரே சாய்வில் இருந்த கையெழுத்துகளைப் பார்த்தார். மோசடி, பொய்யாவணம் என்று வழக்குப் பதிவானது. விசாரணைக்கு ஸ்டேஷனுக்குக் கூப்பிட்ட அன்று இன்ஸ்பெக்டர் கேட்டார்: "செத்துப்போன மூர்த்தி எப்பிடிய்யா கையெழுத்துப் போட்டான்?"

"பாட்டுல அவரு பேரு இன்னும் கீது சார்" என்றான் நீலமேகம்.

இன்ஸ்பெக்டருக்கு அது திமிராகப் பட்டது. நாளைக்கு வா, பேசிக்கொள்ளலாம் என்று அனுப்பினார். அந்த நாளைக்குத்தான் நீலமேகம் செக்போஸ்டைத் தாண்டியிருந்தான்.

பொன்னேரியில் ஆல்வின் வக்கீலின் அலுவலகம் ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேலே இருந்தது. பேசும்போதெல்லாம் கீழே மிஷின் ஓடுகிற அதிர்வு நாற்காலியில் தெரியும். நீலமேகத்தின் மனைவி கலைவாணியும் வந்திருந்தாள்.

"நல்லா கேட்டுக்கோ" என்றார் ஆல்வின். "பதினஞ்சு நாளைக்குள்ள இங்க மாஜிஸ்ட்ரேட் முன்னாடி ஆஜராகணும். ரெண்டு பேர் ஜாமீன் நிக்கணும். அது ஆனதும் தெனமும் காலையில பத்தரை மணிக்கு ஸ்டேஷன்ல போய்க் கையெழுத்துப் போடணும். சாட்சிகளைக் கலைக்கக் கூடாது."

"கலைக்கிறதுன்னா?" என்று கலைவாணி கேட்டாள்.

"கேஸைப் பத்திப் பேசறது. டீக்கடையில பக்கத்துல ஒக்காந்தாக்கூடப் போட்டோ புடிச்சுக் கோர்ட்ல குடுப்பாங்க."

"யாரு சார் சாட்சி?" என்றான் நீலமேகம்.

ஆல்வின் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு தாள்களைப் புரட்டினார். "லிஸ்ட்ல இருக்கிற எல்லாரும். நூத்தி அறுபத்தி நாலு."

"அதுல மூணு பேரு செத்தவங்க. ஒண்ணு நானு."

"அப்போ நூத்தி அறுபது."

"சார், அது ஊரு."

மிஷின் கீழே நின்றது. ஆல்வின் தாள்களை மூடிவைத்தார். பிறகு மெதுவாகச் சொன்னார். "ஜாமீனுக்கும் அவங்க ஆவ மாட்டாங்க. பணம் வாங்குன வீட்டு ஆளுங்க யாரும் வேணாம். நீ சாட்சியை வளைச்சுட்டேன்னு அடுத்த நாளே ஆர்டரை கேன்சல் பண்ணச் சொல்லி மனு போடுவாங்க. இந்த மாவட்டத்துக்காரங்களா, வீட்டு வரி ரசீது இருக்கிறவங்களா ரெண்டு பேரு புடி."

"எங்க நைனா வருவாரு" என்றாள் கலைவாணி.

"ஆந்திரா ஆதாரும்மா. எடுத்துக்க மாட்டாங்க."

"கோர்ட்டு வாசல்ல காசுக்கு நிப்பாங்களாமே."

"ஏம்மா, பொய்க் கையெழுத்துக் கேஸு இது. அதுக்குப் பொய் ஜாமீனா?" ஆல்வின் சிரித்தார். வேறு யாரும் சிரிக்காததால் நிறுத்திக்கொண்டார். "பதினஞ்சாவது நாள் சனிக்கெழமை, கோர்ட்டு லீவு. அப்போ வெள்ளிக்குள்ள முடிக்கணும். இல்லன்னா ஆர்டர் வெறும் தாளு."

குப்பத்துக்குத் திரும்பியபோது யாரும் அவனை ஏசவில்லை. அதுதான் அவனுக்கு விசித்திரமாக இருந்தது. வலை பின்னிக்கொண்டிருந்தவர்கள் தலையைத் தூக்கினார்கள், மறுபடி குனிந்துகொண்டார்கள். அவர்களுக்கும் யாரோ சொல்லியிருந்தார்கள், அவனோடு பேசக் கூடாதென்று. கருவாடு காயப்போட்ட இடத்தில் கோவிந்தம்மா இருந்தாள், செத்துப்போன மூர்த்தியின் மனைவி. போலீஸ் அவளைத்தான் முதலில் விசாரித்தது. உன் புருஷன் எப்போது கையெழுத்துப் போட்டான் என்று கேட்டதற்கு, அவர் போய் நாலு வருஷம் ஆகிறது என்று உள்ளதைச் சொல்லியிருந்தாள். அவனைப் பார்த்ததும் அவள் வாய் திறந்தது. அப்புறம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். மறுநாள் காலையில் அவன் வாசலில் ஒரு தட்டில் நாலு மடவை மீன் இருந்தது. யார் வைத்தார்கள் என்று அவன் கேட்கவில்லை. கேட்டால் சாட்சியைக் கலைத்ததாகும்.

சங்கத்தில் அவன் நாற்காலியை வாங்கிக்கொள்ளவும் யாரும் வரவில்லை. அதில் உட்கார ஒருவருக்கும் துணிச்சல் இல்லை. எனவே அவனே தினமும் ஏரிப் பக்கம் போய், முறை இல்லாதவர்கள் யாரும் பாட்டு இடத்தில் இறங்கியிருக்கிறார்களா என்று பார்த்துவிட்டு வந்தான். அது செயலாளர் வேலை. பேசாமல் செய்யக்கூடிய ஒரே வேலையும் அதுதான்.

நாட்கள் தண்ணீருக்கு அடியில் போவதுபோல் போயின. மூன்று, நாலு, ஏழு. கலைவாணி பட்டியலின் நகலைத் தரையில் விரித்துவைத்து, தெரிந்தவர்கள் பெயரை ஒவ்வொன்றாகச் சொல்லிச் சொல்லித் தேடினாள்.

"சின்னப்பன்?"

"நாப்பத்தி ரெண்டு."

"பெலிக்ஸு? அவங்க தனி தெருதானே?"

"தொண்ணூத்தி ஏழு. நான்தான் எழுதுனேன்."

"அந்த ஐஸ் பேக்டரிகாரரு மச்சான்?"

"அவருக்கு வலையே இல்ல. ஆனா எழுதிட்டேன். ரொம்ப கேட்டுக்கினாரு."

கலைவாணி தாளைத் தட்டினாள். "ஒருத்தரயாவது உடக் கூடாதாயா நீ? ஊருல ஒரு ஆளு, ஒரே ஒரு ஆளு, உன் கண்ணுல படாம தப்பிச்சிருந்தா இப்போ நமக்கு ஒதவியிருக்கும்."

அவனுக்கு ஒரு பிளாஸ்டிக் பை ஞாபகம் வந்தது. துணிக்கடைப் பை. அதற்குள் பதின்மூன்று குடும்பத்தின் ஆதார் நகல்கள், ஈரம் படாமல் மடித்துவைத்தது. அதைக் கொண்டுவந்தவள் ராஜம்மா.

ராஜம்மாவும் அவள் தம்பி வேலுவும் ஆரம்பாக்கம் பக்கத்து ஆட்கள். அவர்களிடம் வலையும் கிடையாது, படகும் கிடையாது. இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கி, சேற்றைக் கையால் தடவி இறால் பிடிப்பார்கள். வெயில் காலத்தில் அவர்கள் பக்கம் ஏரி வற்றிப் பாளம் பாளமாக வெடித்துவிடும். அப்போது பஸ் ஏறித் தெற்கே வருவார்கள். வருகிறவர்களைப் பாட்டு இடத்திலிருந்து துரத்துவதும் செயலாளர் வேலைதான். எட்டு வருஷமாக நீலமேகம் அவர்களைத் துரத்திக்கொண்டிருந்தான்.

மனு எழுதின அன்று அவள் பையைத் திறந்து காட்டியும் அவன் ஒரு தாளைக்கூட எடுக்கவில்லை. "வல போனவங்களுக்குத்தான் நிவாரணம். உங்களுக்கு வல ஏது? கைதானே?" என்று கேட்டான்.

"புயல்ல கையும் பத்து நாளு சும்மாதானே கெடந்திச்சு" என்றாள் ராஜம்மா. அப்புறம் பையை எடுத்துக்கொண்டு போனாள்.

பதினோராவது நாள் நீலமேகம் ஏரியில் அவளைப் பார்த்தான். பாட்டு இடத்தின் ஓரத்தில், துரத்துவதா வேண்டாமா என்று சந்தேகம் வருகிற தூரத்தில், அவளும் வேலுவும் இன்னும் நாலைந்து பேரும் இறங்கியிருந்தார்கள். ராஜம்மாவின் பற்களுக்கு நடுவில் பறியின் கயிறு இருந்தது. பிடிக்கிற இறாலைப் போடும் ஓலைக்கூடை அது; இரண்டு கையும் சேற்றுக்குள் இருப்பதால் கூடையை வாயில் கவ்விக்கொள்வார்கள். அவனைக் கண்டதும் மற்றவர்கள் கரையைப் பார்த்து நகர்ந்தார்கள். அவன் கையைக் காட்டி நிறுத்தச் சொன்னான். அவர்கள் நின்றார்கள், நம்பாமல்.

அவன் வேட்டியை மடித்துக்கொண்டு முழங்கால் தண்ணீர் வரை வந்து எல்லாவற்றையும் சொன்னான். ஆர்டர், பதினைந்து நாள், இரண்டு பேர், பட்டியல். வாயில் கயிறு இருந்ததால் ராஜம்மா ஒன்றும் சொல்லவில்லை. அவன் பேசி முடிக்கும்வரை சேற்றைத் தடவிக்கொண்டே இருந்தாள். நடுவில் ஒரு இறால் கிடைத்தது. தலையைக் கட்டைவிரலால் அழுத்திப் பறியில் போட்டாள். பிறகுதான் கயிற்றை வாயிலிருந்து எடுத்தாள்.

"உன் லிஸ்ட்டுல என் பேரு இல்ல. அதனால நான் யோக்கியம். அப்பிடித்தானே செக்கட்டரி?"

"வக்கீலு அப்பிடித்தான் சொல்றாரு."

வேலு தண்ணீரைத் தட்டிச் சிரித்தான். "அக்கா, வலைக்கு ஆவாதவங்கன்னாரு. இப்போ கோர்ட்டுக்கு ஆவறோம் பாரு."

"உங்களுக்கு வீட்டு வரி ரசீது கீதா?" என்றான் நீலமேகம்.

"கவுருமெண்டு கட்டிக் குடுத்த ஊடு. ரெண்டு பேருக்கும் கீது. செவுரு ஒழுவுது, ரசீது ஒழுவாது." ராஜம்மா அவனை மேலும் கீழும் பார்த்தாள். "இன்னா இப்பிடி எளச்சிப்போயிட்ட? கத்தறதுக்குக்கூட தெம்பு இல்ல போலயே."

"வர்றியாக்கா?"

அவன் அவளை அக்கா என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. அவள் அதைக் கவனித்த மாதிரித் தெரியவில்லை. தூரத்தில் ஒரு பைபர் படகு போனது. அதன் அலை வந்து மூன்று பேரையும் தொட்டுவிட்டுப் போகிறவரை அவள் யோசித்தாள்.

"நீ உள்ள போயிட்டா வேற ஒருத்தன் வருவான்" என்றாள். "அவன்கிட்ட மொதல்லேர்ந்து சண்ட போடணும். உன்கிட்ட எட்டு வருசமா போட்டு வெச்சிகிறேன். எந்தக் கெழமை?"

வெள்ளிக்கிழமை கோர்ட்டில் கூட்டம். ராஜம்மா துவைத்த புடவை கட்டியிருந்தாள். வேலு கல்யாணத்துக்குப் போகிறவன்போல முழுக்கைச் சட்டை போட்டிருந்தான். பத்திரத்தில் போட்டோ ஒட்டி, இடது கட்டைவிரல் ரேகை வைக்க வேண்டும். வேலுவுக்கு ஒரே தடவையில் விழுந்தது. ராஜம்மாவின் விரலை மையில் தோய்த்து அழுத்தியபோது தாளில் ஒரு கருப்பு வட்டம் மட்டும் வந்தது. கோடு ஒன்றுகூட இல்லை.

"இன்னாம்மா இது? மொழுக்குனு இருக்கு" என்றார் கிளார்க்.

"சேத்துல தடவித் தடவித் தேஞ்சிருச்சி சாரு. ரேஷன் கடை மிஷினும் என்ன நான் இல்லன்னுதான் சொல்லுது."

இன்னொரு தடவை. மறுபடி கருப்பு வட்டம். கிளார்க் பேனாவை மூடினார். "ரேகை விழாம வாங்குனா என்னைக் கேப்பாங்க. திங்கக்கெழமை வேற ஆள கூட்டிக்கினு வாங்க."

"திங்கக்கெழமை டைம் முடிஞ்சிரும் சார்" என்றார் ஆல்வின். அவர் நெற்றியில் வியர்வை நின்றது.

நீலமேகம் அந்தக் கருப்பு வட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். கடலில் இருந்தவர்களின் கையை அவன் ஒரு மத்தியானத்தில் அவ்வளவு சுலபமாக எழுதினான், செத்தவர்களின் கையைக்கூட. இங்கே ஒருத்தி உயிரோடு வந்து, தன் கையையே கொண்டுவந்து மேசைமேல் வைத்திருக்கிறாள். அது விழ மாட்டேன் என்கிறது. இதை நினைத்தால் ஏதாவது தோன்ற வேண்டும் என்று அவனுக்குத் தெரிந்தது. காத்திருந்தான். ஒன்றும் தோன்றவில்லை. உள்ளங்கால் மட்டும் சில்லென்றிருந்தது.

"இருங்க" என்றாள் ராஜம்மா. விரலைப் புடவையில் அழுத்தித் துடைத்தாள். பின்னந்தலையில், எண்ணெய் படிந்த மயிருக்குள் விட்டு நாலு தரம் தேய்த்தாள். "ரேஷன்ல இப்பிடி தேச்சாதான் ஒத்துக்கும். கொஞ்சமா மை வையி சாரு. அள்ளி அப்பாத."

கிளார்க் முனகிக்கொண்டே கொஞ்சமாக வைத்தார். ராஜம்மா விரலை ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் மெதுவாக உருட்டினாள், சேற்றுக்குள் எதையோ கண்டுபிடிப்பவள் போல. எடுத்தபோது வட்டத்தின் ஓரத்தில் ஆறேழு கோடுகள், கரையோரத் தண்ணீர்மாதிரி வளைந்து தெரிந்தன.

"போதும்" என்றார் கிளார்க்.

மாஜிஸ்ட்ரேட் ஒரு நடுவயது அம்மா. பத்திரத்தைப் பார்த்துவிட்டு ராஜம்மாவைப் பார்த்தார். "இவரை உங்களுக்குத் தெரியுமா?"

"நல்லா தெரியும்மா."

"எப்படி?"

"நாங்க ஏரியில எறங்குனா தொரத்திக்கினு வருவாரு."

ஆல்வின் இருமினார். மாஜிஸ்ட்ரேட் பேனாவைக் கீழே வைத்தார். "அப்புறம் ஏம்மா இவருக்கு ஜாமீன் நிக்கறீங்க?"

"லிஸ்ட்டுல பேரு இல்லாதவங்கதான் நிக்கணுமாமே. எங்க பேரத்தான் இவரு எழுதல."

மாஜிஸ்ட்ரேட் நீலமேகத்தைக் கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார். அவன் தரையில் சுற்றிக்கொண்டிருந்த மின்விசிறியின் நிழலைப் பார்த்தான்.

"இவர் ஓடிப்போனா நீங்க ரெண்டு பேரும் ஆளுக்குப் பத்தாயிரம் கட்டணும். தெரிஞ்சுதான் நிக்கறீங்களா?"

"எங்க ஓடுவாரும்மா?" என்றாள் ராஜம்மா. "ஒரு பக்கம் கடலு. ஒரு பக்கம் ஏரி, அதுல நாங்க நிக்கிறோம்."

மாஜிஸ்ட்ரேட் கையெழுத்துப் போட்டார். அவ்வளவுதான். வெளியே வந்ததும் கலைவாணி அழுதாள். ஆல்வின் எல்லோருக்கும் கரும்புச் சாறு வாங்கிக் கொடுத்தார். நீலமேகம் தம்ளரைப் பிடித்துக்கொண்டு நின்றான். அது சில்லென்று இருக்கிறது என்று கை சொல்லக் கொஞ்ச நேரமானது.

"தெனமும் பத்தரைக்குக் கையெழுத்தாமே?" என்றாள் ராஜம்மா, சாற்றை உறிஞ்சிக்கொண்டு.

"ஆமா."

"அப்போ ஒம்போதரைக்கே கெளம்பிருவ. திரும்பி வர பதினொண்ணு ஆவும்?"

"பதினொண்ணு, பதினொண்ணேகால்."

"ம்" என்றாள். அவளும் வேலுவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "நீ இல்லாத நேரத்துல பாட்டு எடத்த யாரு பாத்துக்குவா?"

"யாரும் இல்ல."

"நாளைக்குத் தண்ணி எப்போ வத்தும்?"

"பத்து மணிக்கு மேல. பன்னண்டரை வரிக்கும் தரை தட்டும்."

கேட்டதற்கெல்லாம் அவன் பதில் சொன்னான். சொன்ன பிறகுதான் அவள் எதற்குக் கேட்டாள் என்பது விளங்கியது. அவள் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் தம்ளரைக் கடைக்காரரிடம் திருப்பிக் கொடுத்தான்.

மறுநாள் பத்தரைக்கு ஸ்டேஷனில் ஒரு நீள நோட்டைத் திருப்பி அவன் முன்னால் தள்ளினார்கள். அவன் தன் பெயரை எழுதினான். ஒவ்வொரு எழுத்தாக, முதல் தடவை எழுதுகிறவன்போல.

"உன் கையெழுத்துதானே இது?" என்றார் காவலர்.

"ஆமா சார்."

"தமாசுக்குக் கேட்டேன்யா. போ."

வெளியே பஸ் நின்றுகொண்டிருந்தது. அதில் ஏறினால் பதினொன்றுக்கெல்லாம் ஏரிக்குப் போய்விடலாம். இந்நேரம் தண்ணீர் கடல் பக்கம் வடியத் தொடங்கியிருக்கும். பாட்டு இடத்தின் நடுவில், எட்டு வருஷமாகத் தள்ளியே நின்ற அந்தச் சேற்றில், பற்களுக்கு நடுவில் கயிற்றைக் கவ்விக்கொண்டு அவர்கள் இறங்கியிருப்பார்கள்.

நீலமேகம் எதிரே இருந்த கடையில் உட்கார்ந்து ஒரு டீ சொன்னான். பஸ் போனது. டீயைக் குடித்து முடித்து இன்னொன்று சொன்னான். இரண்டாவது பஸ் வந்து நின்று, கண்டக்டர் தலையை நீட்டினார்.

"வர்லியா?"

"அடுத்தது எப்போண்ணே?"

"பன்னண்டே முக்காலுக்கு."

"அதுல வர்றேன்" என்றான் நீலமேகம்.